டோராய் மன்னிக்க மறுத்த வழக்கு

எங்கள் நாட்டில் பிரபலமானவர்கள் தப்பு செய்தால் தண்டனையே கிடையாது என்று வெளியூர்க்காரர்கள் பேசிக்கொள்கிறார்கள். அபாண்டம். தண்டனை உண்டு. வெள்ளைச் சட்டை போட்டு, முகத்தில் மேக்கப் இல்லாமல், கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்து அழ வேண்டும். மேக்கப் இல்லாத முகமாகத் தெரிய இரண்டு பேர் ஒரு மணி நேரம் மேக்கப் போடுகிறார்கள். இதைவிடக் கடுமையான தண்டனை வேறு நாட்டில் இருந்தால் சொல்லுங்கள்.

என் பெயர் சியோனி. மணிலாவுக்குப் பக்கத்து இமுஸ் ஊரில் எங்கள் பராங்கை, அதாவது எங்கள் வட்டாரத்தின் அலுவலகத்துக்கு எதிரே சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறேன். பராங்கைத் தலைவரைக் கேப்டன் என்று கூப்பிடுவோம். கப்பல் எதுவும் கிடையாது. பக்கத்துச் சந்தில் இருக்கிற டோராய் என் தோழி. வீடு வீடாகப் போய்க் கை கால் நகங்களை வெட்டி, தேய்த்து, சாயம் பூசுவது அவள் தொழில். காவலாளி நிற்கிற பெரிய கேட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கும் வில்லா கிராந்தே காலனிதான் அவளுக்குச் சோறு போட்டது. அங்கே டாடி புங்கிஸ் குடியிருக்கிறார்.

டாடி புங்கிஸ் முன்பு தொலைக்காட்சியில் மத்தியான நிகழ்ச்சி நடிகர். முகத்தில் மாவு அப்பிக்கொண்டு தடுமாறி விழுவது அவர் வேலை. நன்றாகவே விழுவார், நானும் சிரித்திருக்கிறேன். நிகழ்ச்சி நின்றதும் ஃபோனைக் கையில் எடுத்தார். காலையில் பல் விளக்குவதிலிருந்து மனைவியோடு சண்டை போடுவது வரை எல்லாவற்றையும் வீடியோவாகப் போட்டார். இப்போது அவருக்குக் கோடிக்கணக்கில் ரசிகர்கள். அவர்கள் தங்களைப் புங்கிஸ் படை என்று சொல்லிக்கொள்கிறார்கள்.

டோராய் அந்த வீட்டு அம்மாவுக்கு நகம் பூசிவிட்டு வந்த மறுநாள் டாடி புங்கிஸின் இணையப் பக்கத்தில் ஒரு வீடியோ வந்தது. தலைப்பு: ‘எங்கள் வீட்டுத் திருடி’. டோராய் கேட்டைத் தாண்டிப் போவதை மெதுவாக ஓடவிட்டு, பின்னால் மத்தளம் அடித்து, அவள் கையிலிருந்த சாயப்புட்டிக் கூடையைச் சுற்றிச் சிவப்பு வட்டம் போட்டிருந்தார்கள். வைர மோதிரத்தைக் காணோமாம்.

அந்த வாரமே மோதிரம் கிடைத்துவிட்டது. அவர்கள் நாய் போல்வோரான் அதை விழுங்கியிருந்தது. கடைசியில் வர வேண்டிய வழியில் வந்தது. அதற்கும் ஒரு வீடியோ போட்டார் டாடி புங்கிஸ். நாய்த்தீனிக் கம்பெனி ஒன்று அதற்குப் பணம் கொடுத்தது. முதல் வீடியோவைவிட இதை அதிகம் பேர் பார்த்து, விழுந்து விழுந்து சிரித்தார்கள். டோராயின் பெயர் அதில் ஒரு இடத்திலும் வரவில்லை. பழைய வீடியோ அப்படியே இருந்தது. மோதிரம்தான் கிடைத்துவிட்டதே, இனி அவளைத் திட்டுவதை நிறுத்துவார்கள் என்று நான் பைத்தியக்காரத்தனமாக நினைத்தேன். புங்கிஸ் படை வேறு விதமாக யோசித்தது. நாய்க்கு மோதிரத்தை ஊட்டிவிட்டதே அவள்தான் என்று எழுதினார்கள்.

காலனிக் காவலாளி அவளை உள்ளே விடவில்லை. சந்தையில் இறால் விற்கிற பெண் அவளைப் பார்த்ததும் காசுப்பெட்டியை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். அன்று டோராய் என் கடையில் உட்கார்ந்து கஞ்சியைக் கலக்கிக்கொண்டே இருந்தாள்.

“எனக்குக் காசு வேணாம் சியோனி. அந்தாளு ஜெயிலுக்கும் போக வேணாம். எந்த வாயால திருடின்னு சொன்னாரோ, அதே வாயால டோராய் திருடலைன்னு ஒரு தடவ சொன்னாப் போதும்.”

ஒரே ஒரு வாக்கியம். இதற்கு என்ன ஆகிவிடப் போகிறது என்று நானும் நினைத்தேன்.

ஒரே பராங்கையில் இருப்பவர்களுக்குள் தகராறு வந்தால் கோர்ட்டுக்குப் போவதற்கு முன்னால் கேப்டன் எதிரில் உட்கார்ந்து சமாதானம் பேச வேண்டும். வில்லா கிராந்தே கேட்டுக்கு அந்தப் பக்கம் இருந்தாலும் எங்கள் பராங்கைதான். ஆகவே டாடி புங்கிஸுக்கு அழைப்பு போனது. மூன்று கேமராக்களோடும் ஊருக்கே போதுமான பீட்ஸாவோடும் வந்து இறங்கினார். கேப்டன் நொனோய் முதலில் அவரோடு படம் எடுத்துக்கொண்டார், பிறகு தன் மனைவியைக் கூப்பிட்டு அவளையும் நிற்க வைத்து எடுத்தார், அதற்கப்புறம் வழக்கை ஆரம்பித்தார்.

டாடி புங்கிஸ் டோராயைப் பார்க்காமல் கேமராவைப் பார்த்துப் பேசினார்.

“யாராவது, எங்கயாவது, எப்பவாவது என்னால புண்பட்டிருந்தா, நான் மன்னிப்புக் கேக்கறேன். நானும் மனுஷன்தான். இந்த அனுபவத்துல நான் ரொம்ப வளர்ந்திருக்கேன்.”

கேப்டன் கண்ணைத் துடைத்துக்கொண்டு கை தட்டினார்.

“கேப்டன், யாராவதுன்னா யாரு?” என்றாள் டோராய்.

“நீதான், டோராய்.”

“அப்போ என் பேரைச் சொல்லச் சொல்லுங்க. நான் திருடலைன்னு சொல்லச் சொல்லுங்க.”

கேப்டன் அவளைத் தனியாக என் கடைப் பக்கம் தள்ளிக்கொண்டு வந்தார். “ஏம்மா, அந்த மனுஷன் மன்னிப்பே கேட்டுட்டாரு. அதுக்கு மேல நடந்தது என்ன, நடக்காதது என்னன்னு நோண்டிக்கிட்டு இருந்தா நல்லாவா இருக்கு? பீட்ஸா வேற ஆறுது.”

டோராய் பீட்ஸாவைத் தொடவில்லை. நான் தொட்டேன். அதையும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன், நன்றாகத்தான் இருந்தது.

சமாதானம் முறிந்ததால் வழக்கு இணையப் பொறுப்புணர்வு ஆணையத்துக்குப் போனது. பிரபலங்கள் பொதுமக்களுக்குப் பதில் சொல்ல வேண்டும் என்று அரசாங்கம் புதிதாக அமைத்தது அது. ஏழு உறுப்பினர்கள். அதில் நான்கு பேர் பழைய நடிகர்கள், ஒருவர் பாட்டுக்காரர், ஒருவர் கூடைப்பந்து ஆடியவர். மிச்சமிருந்த ஒருவர் சட்டம் படித்தவர். அவருக்கு மைக் கொடுக்கவில்லை. தலைவி மேடம் பெர்பெக்தா பல வருஷம் தொடர்களில் கொடுமைக்கார மாமியாராக நடித்தவர். அவரிடம் கன்னத்தில் அறை வாங்காத கதாநாயகி இந்த நாட்டில் கிடையாது. டோராய் அவரைப் பார்த்ததும் அனிச்சையாகக் கன்னத்தில் கை வைத்துக்கொண்டாள்.

மேடம் பெர்பெக்தா எழுந்து பேசினார்.

“இந்த ஆணையம் வர்றதுக்கு முன்னாடி நம்ம நாட்டுல மன்னிப்பு எந்த நிலைமைல இருந்துச்சு? கார்ல உக்காந்துக்கிட்டு மன்னிப்புக் கேட்டாங்க! குளிர்கண்ணாடி போட்டுக்கிட்டு கேட்டாங்க! ஒருத்தர் சாப்பிட்டுக்கிட்டே கேட்டாரு! இதையெல்லாம் நாங்க ஒழிச்சோம். இப்போ ஒவ்வொரு மன்னிப்புக்கும் தரம் உண்டு. கண்ணீர் இடது கண்ணுல ஆரம்பிக்கணும். குரல் ரெண்டு தடவ உடையணும், மூணாவது தடவ உடைஞ்சா அது நடிப்பு. இதுவரைக்கும் எங்ககிட்ட வந்த எந்தப் பிரபலமும் மன்னிப்புக் கேக்காமப் போனதில்ல. அதுல பாதிப் பேருக்கு ரசிகர்கள் ரெட்டிப்பாயிட்டாங்க. பொறுப்புணர்வு வளருதுங்கறதுக்கு வேற சாட்சி வேணுமா?”

எல்லோரும் எழுந்து நின்று கை தட்டினார்கள். புகார் கொடுத்தவர்களுக்குத் துணையாக ஒருவர் வரலாம் என்பது விதி. அப்படித்தான் நான் உள்ளே இருந்தேன். நானும் எழுந்து நிற்க வேண்டியதாயிற்று.

டாடி புங்கிஸ் அழுதார். இடது கண்ணில் ஆரம்பித்தார். இரண்டாம் தடவை குரல் உடைந்தபோது கூடைப்பந்துக்காரர் சட்டைக் கையால் மூக்கைத் துடைத்தார். முதல் தரம் என்று தீர்ப்பானது.

டோராய் கையைத் தூக்கினாள். “மேடம், அவர் ரொம்ப நல்லா அழுதாரு. ஆனா நான் திருடலைங்கறத எப்போ சொல்லுவாரு?”

மேடம் பெர்பெக்தா புன்னகைத்தார். அந்தப் புன்னகைக்குப் பின்னால் என்ன வரும் என்று தொடர் பார்த்த எங்களுக்குத் தெரியும்.

“இதோ பாரும்மா. நீ திருடினியா இல்லையாங்கறது உண்மை சம்பந்தப்பட்ட விஷயம். உண்மை எங்க துறை இல்ல. எங்க துறை மன்னிப்பு. ரெண்டையும் குழப்பிக்கிட்டா நிர்வாகம் நடத்த முடியுமா?”

“அப்போ உண்மைக்கு எங்க போகணும்?”

ஏழு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். மைக் இல்லாதவர் ஏதோ சொல்ல வாய் திறந்தார். அதற்குள் இடைவேளை விட்டுவிட்டார்கள்.

அடுத்த வாரம் டாடி புங்கிஸைப் பொறுப்புணர்வுத் தூதராக நியமித்தார்கள். இவ்வளவு அழகாக மன்னிப்புக் கேட்டவரைவிட அந்தப் பதவிக்குத் தகுதியானவர் யார்? பள்ளிக்கூடங்களுக்குப் போய், இணையத்தில் பிறரைப் பற்றிப் பேசும்போது யோசித்துப் பேசுங்கள் என்று பிள்ளைகளுக்குச் சொல்வது அவர் வேலை. ‘எங்கள் வீட்டுத் திருடி’ வீடியோ அப்போதும் அவர் பக்கத்தில் இருந்தது. அதற்குக் கீழே பதவிக்கான வாழ்த்துகள் குவிந்தன.

ஆனால் ஒரு சிக்கல். டோராய் இன்னும் மன்னிக்கவில்லை. மன்னிக்கப்படாத தூதரை வைத்துக்கொண்டு ஆணையம் என்ன செய்யும்? ஈஸ்டருக்கு முந்திய பெரிய வாரம் வேறு நெருங்கிக்கொண்டிருந்தது. பெரிய வியாழன் அன்று கோவிலில் பாதிரியார் பன்னிரண்டு பேருடைய பாதங்களைக் கழுவுவது வழக்கம். அதை வைத்து ஆணையத்தின் பாட்டுக்கார உறுப்பினருக்கு யோசனை வந்தது: டாடி புங்கிஸ் டோராயின் பாதத்தைக் கழுவட்டும், நேரலையில், நாடே பார்க்கட்டும். சோப்புக் கம்பெனி ஒன்று உடனே முன்வந்தது.

அன்று டோராய் வந்து நின்ற அழகைச் சொல்ல வேண்டும். மூன்று மாதமாக வேலை இல்லாதவள் தன் கால்களையே வேலையாக எடுத்துக்கொண்டிருந்தாள். குதிகாலில் ஒரு வெடிப்பு இல்லை. நகங்களில் செக்கச்செவேல் என்று சாயம். நிகழ்ச்சியை இயக்கியவன் அந்தக் கால்களைப் பார்த்ததும் தலையில் கை வைத்துக்கொண்டான்.

“அக்கா, இது என்ன இவ்ளோ சுத்தமா இருக்கு? இதுல கழுவ என்ன இருக்கு?”

ஒரு பெண் வாளியில் சேறு கொண்டு வந்தாள். ஏதோ அழகு நிலையத்திலிருந்து வாங்கிய, முகத்தில் பூசுகிற விலை உயர்ந்த சேறு. அதை டோராயின் காலில் தூரிகையால் பூசினார்கள். நகச் சாயம் தெரியக் கூடாது என்று விரல்களுக்கு இரண்டு பூச்சு.

“சியோனி, என்னை ஏன்டி அழுக்காக்கறாங்க?” என்றாள். அவள் குரல் உடைந்தது. அந்த வழக்கு முழுவதிலும் ஆணையம் மதிப்பெண் போடாத ஒரே குரல் அதுதான். எனக்கு அந்த வாளியை எடுத்து யார் தலையிலாவது கவிழ்க்க வேண்டும் போலிருந்தது. செய்யவில்லை. செய்திருக்கலாம் என்று இன்றைக்கும் தோன்றுகிறது.

நேரலை தொடங்கியது. டாடி புங்கிஸ் மண்டியிட்டார். பியானோ வாசித்தார்கள். பூ மிதக்கிற தண்ணீரில் சோப்பு நுரை நன்றாகத் தெரியும்படி டோராயின் பாதத்தைக் கழுவினார். இடது கண்ணில் ஆரம்பித்தார். பிறகு மேடம் பெர்பெக்தா மைக்கை டோராயின் வாயருகே நீட்டினார்.

“இப்போ நீ சொல்லணும்மா. ‘நான் மன்னிக்கிறேன்.’”

டோராய் குனிந்து, தன் காலைப் பிடித்துக்கொண்டிருந்தவரைப் பார்த்தாள். “தம்பி, முதல்ல நீங்க சொல்லுங்க. அப்புறம் நான் சொல்றேன்.”

அவர் தலையை நிமிர்த்தாமல், கேமராவுக்குக் கேட்காத குரலில் பேசினார். நான் பக்கத்தில் துண்டோடு நின்றதால் எனக்குக் கேட்டது.

“அக்கா, தயவு பண்ணுங்க. நீங்க திருடலைன்னு நான் சொன்னா அந்த வீடியோவை எடுக்கணும். அதுலதான் எனக்கு ஆளுங்க சேர்ந்தாங்க. அழச் சொல்லுங்க, எவ்ளோ வேணும்னாலும் அழறேன். இத மட்டும் கேக்காதீங்க.”

மனுஷன் அந்த ஒரு நிமிஷம்தான் நடிக்கவில்லை. கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் கூட இல்லை.

டோராய் காலை உருவிக்கொண்டு, தண்ணீரில் அவளே இரண்டு கால்களையும் தேய்த்துக் கழுவினாள். சேறு போய்ச் சிவப்பு நகங்கள் தெரிந்தன. என் கையிலிருந்த துண்டை வாங்கித் துடைத்துக்கொண்டாள்.

“மன்னிக்க முடியாது” என்று மைக்கில் சொன்னாள்.

பியானோக்காரர் தன் பாட்டுக்கு வாசித்துக்கொண்டே இருந்தார். யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.

அன்று நாடு கொந்தளித்தது. பெரிய வாரத்தில், மண்டியிட்ட மனிதனை மன்னிக்காத கல்நெஞ்சக்காரி! புங்கிஸ் படை மட்டுமல்ல, இதுவரை சும்மா இருந்தவர்களும் கிளம்பினார்கள். கேப்டன் என் கடைக்கு வந்து, டோராயால் பராங்கையின் பெயரே கெட்டுவிட்டது என்று இரண்டு தட்டு பன்சித் நூடுல்ஸ் சாப்பிட்டுக்கொண்டே வருத்தப்பட்டார். டாடி புங்கிஸ் மனம் உடைந்து மூன்று நாள் வீடியோ போடவில்லை; மூன்று நாள் வீடியோ போடாததைப் பற்றி நான்காம் நாள் ஒரு வீடியோ போட்டார்.

ஆணையம் அவசரமாகக் கூடியது. டோராய் மீது குற்றச்சாட்டு: தகுந்த முறையில் கேட்கப்பட்ட மன்னிப்பை வழங்காமல் ஒரு பொதுத் தூதரைப் புண்படுத்தியது. தீர்ப்பு சொல்ல அதிக நேரம் ஆகவில்லை.

“இவ்ளோ நாள் பிரபலங்கதான் பொறுப்பா இருக்கணும்னு சொல்லிக்கிட்டிருந்தோம். மக்களுக்குப் பொறுப்பு வேணாமா? இந்தம்மா பகிரங்கமா மன்னிப்புக் கேக்கணும். புண்பட்டவரோட இணையப் பக்கத்துலயே, அவரோட ரசிகர்கள் முன்னாடியே, நேரலைல கேக்கணும். நடுவுல யாரும் நிறுத்தக் கூடாது. மன்னிப்பைப் பாதில வெட்டறது பெரிய பாவம், அதுக்குன்னே போன மாசம் நாங்க விதி போட்டோம்” என்றார் மேடம் பெர்பெக்தா.

டாடி புங்கிஸுக்கு வாயெல்லாம் பல். அவ்வளவு பேர் பார்ப்பார்கள்.

நான் டோராயிடம் போகாதே என்று சொன்னேன். மணிலாவில் என் தங்கை வீட்டில் கொஞ்ச நாள் இரு, எல்லோரும் மறந்துவிடுவார்கள் என்றேன்.

“எதுக்கு மறக்கணும்?” என்றாள். “நான் என்னத்தத் திருடினேன், ஓடி ஒளியறதுக்கு?”

வெள்ளைச் சட்டை கொடுத்தார்கள், தன் உடுப்புக்கு மேலேயே போட்டுக்கொண்டாள். படிக்க வேண்டியதைப் பெரிய எழுத்தில் திரையில் ஓடவிட்டார்கள். மேடம் பெர்பெக்தா இடது கண்ணைத் தொட்டுக் காட்டினார். சிவப்பு விளக்கு எரிந்தது. டாடி புங்கிஸின் இணையப் பக்கத்தில், அவருடைய அத்தனை கோடி ரசிகர்களுக்கும் முன்னால், டோராய் வாயைத் திறந்தாள். அவள் திரையைப் பார்க்கவில்லை.

“வில்லா கிராந்தேல இருக்கற வில்மா அக்காகிட்ட மன்னிப்புக் கேக்கறேன். உங்க கட்டைவிரல் நகம் உள்ள வளந்து சீழ் வெச்சிருந்துச்சு. மறுநாள் வரேன்னு சொன்னேன், வரல. கேட்ல என்னை நிறுத்திட்டாங்க. நான் திருடலைன்னு அங்கயே நின்னு கத்தியிருக்கணும். கத்தாம வீட்டுக்குப் போயிட்டேன். தப்பு என்மேலதான்.”

ஆணையத்தில் யாரோ இருமினார்கள்.

“போல்வோரான்கிட்ட மன்னிப்புக் கேக்கறேன். மோதிரத்த நான் உனக்கு ஊட்டிவிட்டேன்னு ஊரே சொல்லுது. நீயாத்தான் தின்ன. அது உன்கிட்டேருந்து வெளிய வந்தத நாடே வீடியோல பாத்துச்சு. உன் சாதனையில எனக்குப் பங்கு இல்ல.”

“மேடம், நிறுத்தச் சொல்லுங்க!” என்று டாடி புங்கிஸ் எழுந்தார்.

“முடியாது” என்றார் மேடம் பெர்பெக்தா, முகம் வெளுத்து. “ஒவ்வொண்ணும் மன்னிப்புக் கேக்கறேன்னுதான் ஆரம்பிக்குது.”

மைக் இல்லாத உறுப்பினர் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்து, கைகளை மார்பில் கட்டிக்கொண்டார். அவர் முகத்தில் சிரிப்பை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

“கடைசியா டாடி புங்கிஸ்கிட்ட மன்னிப்புக் கேக்கறேன்” என்றாள் டோராய். “தம்பி, உங்களால முடியாத ஒண்ண நான் கேட்டுக்கிட்டே இருந்துட்டேன். அழுதீங்க, மண்டி போட்டீங்க, என் காலைக்கூடக் கழுவினீங்க. பாவம், அந்த ஒரு வார்த்த மட்டும் உங்க வாய்ல வரல. அதனால உங்க பக்கத்துல உங்களுக்காக நானே சொல்லிடறேன். டோராய் திருடலை. மோதிரம் கிடைச்ச அன்னைக்கே இது உங்களுக்குத் தெரியும்.”

அவள் அழவில்லை. குரல் ஒரு தடவைகூட உடையவில்லை. திரையில் ரசிகர்களின் செய்திகள் ஓடிய வேகத்தில் ஒன்றையும் படிக்க முடியவில்லை. ஆனால் யாரும் சிரிக்கிற முகப்படம் போடவில்லை. டாடி புங்கிஸ் தன் ஃபோனையே பார்த்துக்கொண்டு நின்றார்.

விளக்கு அணைந்ததும் ஆணையம் தனியே கூடிப் பேசித் தீர்ப்போடு வந்தது. மேடம் பெர்பெக்தாவின் குரல் மாமியார்க் குரலாகவே மாறியிருந்தது.

“கண்ணீர், பூஜ்யம். குரல், பூஜ்யம். பணிவு, பூஜ்யம். ஆணையத்தோட சரித்திரத்துல இவ்ளோ மட்டமான மன்னிப்ப நாங்க பார்த்ததில்ல. இது தேறல. விதிப்படி நீ அடுத்த வாரமும் வந்து, இதே பக்கத்துல, நேரலைல, முதல்லேருந்து திரும்பக் கேக்கணும். தேறற வரைக்கும் வாராவாரம் கேக்கணும்!”

“மேடம், வேணாம் மேடம்” என்று டாடி புங்கிஸ் அவர் கையைப் பிடித்துக் கெஞ்சினார். இந்தத் தடவை இரண்டு கண்ணிலும் ஒன்றாகவே தண்ணீர் வந்தது.

டோராய் வெள்ளைச் சட்டையைக் கழற்றி, மடித்து, மேடம் பெர்பெக்தாவிடம் கொடுத்தாள்.

“எத்தன மணிக்கு வரணும்?” என்று கேட்டாள்.